பெட்டிக்குத் தெரியாத கப்பல்

ரோஸ்மேரிக்குக் கடல் என்றாலே ஆகாது. விளாத்திகுளத்துக்குத் தெற்கே, உப்புக்காற்று ஊருக்குள் வந்து போகிற தூரத்தில் பிறந்தவள்தான். இருந்தும் கடலில் கால் நனைத்தது கிடையாது. அப்படிப்பட்டவள் இப்போது, கடல் வாசனையே இல்லாத திருப்பூரில், வேலம்பாளையத்தில் ஒரு பனியன் கம்பெனியின் லேடீஸ் ஹாஸ்டலில் உட்கார்ந்துகொண்டு, தினமும் சாயங்காலம் கடலையே பார்த்துக்கொண்டிருந்தாள். போனில்தான். வேறு எதில் பார்ப்பது?

அந்தப் போன் கைக்கு வருவதே பெரும்பாடு. காலையில் வேலைக்குக் கிளம்பும்போது எல்லோரும் போனைக் கூடையில் போட்டுவிட்டுப் போக வேண்டும். ஷிப்ட் முடிந்து, குளித்து, சாப்பிட்டு எழுந்த பிறகு அதே கூடை அறை அறையாகத் திரும்பி வரும். ஏழு மணியிலிருந்து எட்டரை வரை போன் அவரவர் கையில். எட்டரைக்கு மணியடித்தால் மறுபடியும் கூடை. வயசுப் பெண்களைக் கண்காணாத ஊருக்கு அனுப்பிவிட்டு வீட்டில் நிம்மதியாகத் தூங்குகிற அப்பன்மார்களுக்கு இந்தக் கூடைதான் தைரியம். போதாததற்கு, ஞாயிற்றுக்கிழமை தவறாமல் வார்டன் பொன்னாத்தாள் ஒவ்வொரு பெண்ணின் வீட்டுக்கும் போன் போட்டு, உங்கள் பிள்ளை இப்படி இருக்கிறாள், அப்படி இருக்கிறாள் என்று ஒப்புவித்தாக வேண்டும். கம்பெனி ஆள் எடுக்கும்போதே பெற்றவர்களுக்குக் கொடுக்கிற வாக்கு அது.

கப்பல்கள் எங்கெங்கே போகின்றன என்று காட்டுகிற தளம் ஒன்று இருக்கிறது. நீலமாய் விரிந்த கடலில் கப்பல்களெல்லாம் குட்டிக் குட்டி அம்புக்குறிகளாக மொய்த்துக் கிடக்கும். அத்தனையிலும் ரோஸ்மேரிக்கு ஒன்றே ஒன்றுதான் கணக்கு. சரக்குக் கப்பல், பழசு. அந்த அம்புக்குறிக்குள் எங்கோ அடியில், எஞ்சின் அறையில், எண்ணெய்ப் பிசுக்கைத் துடைத்துக்கொண்டு முனீஸ் இருந்தான்.

முனீஸ் அதே ஊர்க்காரன். இவள் வேதக்காரக் குடும்பம். அவன் குடும்பம் முனியசாமி கோயிலுக்குப் பொங்கல் வைக்கிற குடும்பம். விஷயம் தெரிந்ததும் அப்பா திட்டவில்லை, அடிக்கவில்லை. இவள் போனை வாங்கி அம்மிக்கல்லில் வைத்து நசுக்கினார். மறுவாரமே அத்தை மகனுக்குப் பேசி முடித்தார். ரோஸ்மேரி சாப்பிடாமல் கிடந்து, அழுது, கடைசியில், “ரெண்டு வருசம் வேல பாத்துட்டு வாரேன், அப்புறம் யார வேணாலும் கட்டிக்கிடுதேன்” என்று வாயில் வந்ததைச் சொல்லித் தப்பித்துத் திருப்பூர் வந்து சேர்ந்தாள், முதல் சம்பளத்தில் புதுப் போன் வாங்கினாள். முனீஸ் கப்பலேறினான். அவன் கப்பலுக்குப் போன சேதி ஊர் முழுக்கத் தெரியும். “ஒழிஞ்சான்” என்று அப்பா அன்றைக்குக் கறி எடுத்தாராம், அம்மா சொன்னாள்.

அவனோடு பேசுவது குதிரைக்கொம்பு. கப்பலில் நெட் இருந்தது, அது அதிகாரிகளுக்கு. எஞ்சின் துடைக்கிறவனுக்குக் கரை தெரிந்தால்தான் வாய் திறக்கும். சிங்கப்பூருக்கு வெளியே நங்கூரம் போட்டு நின்றபோது ஒரு குரல் செய்தி அனுப்பியிருந்தான். அடுத்து வளைகுடாப் பக்கம் போகிறார்களாம். வழியில் இலங்கைக்குக் கீழே கரையை ஒட்டிப் போகும்போது கொஞ்ச நேரம் டவர் எடுக்குமாம். கூட வேலை பார்க்கிற இலங்கைக்காரரிடம் அந்த ஊர் சிம் இருக்கிறதாம். “கூப்பிடுதேன் ரோசு. எந்த நாளு, எந்த நேரம்னு சொல்ல முடியாது. நீ எடுக்கலைன்னாலும் கோவிச்சுக்கிட மாட்டேன்” என்றிருந்தான். அதற்குப் பிறகு அவர்கள் வேறு கடல்களுக்குப் போகிறார்கள். இந்தப் பக்கம் எப்போது வருவார்கள் என்பது முதலாளிக்கே தெரியாது.

அந்தத் தளத்தை அவள் தற்செயலாகத்தான் கண்டுபிடித்தாள். அவனுக்கு அது தெரியாது. கூப்பிடும்போது சொல்ல வேண்டும், ‘நீ கடல்ல எங்க நிக்கேன்னு எனக்குத் தெரியும், தெனமும் உன்னயப் பாத்துக்கிட்டுத்தான் படுக்கேன்’ என்று சொல்லி அவனை மலைக்க வைக்க வேண்டும் என்று மனசுக்குள் வைத்திருந்தாள். செக்கிங் டேபிளில் நின்று பனியன்களைத் திருப்பித் திருப்பி ஓட்டை பார்க்கிற வேலையில், நாள் முழுக்க இந்த ஒரு வாக்கியத்தைத்தான் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பொன்னாத்தாள் மடத்துக்குளத்துக்காரி. விவசாயக் குடும்பம், கட்டுசெட்டான மனுஷி. பொல்லாதவள் என்று சொல்ல முடியாது. காய்ச்சல் என்றால் கஞ்சி வைத்துக்கொண்டு வந்து பக்கத்தில் உட்கார்ந்துகொள்வாள். ஆனால் கொஞ்ச நாளாக அவளுக்கு ஞானதிருஷ்டி வந்துவிட்டது. சாப்பாட்டு வரிசையில் நிற்கிற பெண்ணிடம் எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, “என்ன கண்ணு, முடி கொட்டுதாட்ட இருக்குது? கரிசலாங்கண்ணி போடு சாமி” என்பாள். இன்னொருத்தியிடம், “பட்டுப் பொடவைக் கடையாப் பாக்கற, எங்க கட்டீட்டுப் போறதுக்கு?” என்பாள். பெண்கள் மிரண்டுபோனார்கள். மடத்துக்குளத்துப் பக்கம் ஏதோ குறி சொல்கிற சாமி இவளுக்கு இறங்குகிறது என்றே சிலர் நம்பினார்கள்.

இறங்கியது சாமி இல்லை, பெட்டி. அந்தச் சந்தில் போனில் பேச மட்டும்தான் முடியும், நெட் இழுக்காது என்பதால் கம்பெனியே வைஃபை பெட்டி ஒன்றை மாட்டிக் கொடுத்திருந்தது. இலவசம் என்றதும் ஹாஸ்டலே துள்ளிக் குதித்தது. எந்தப் போன் எந்தத் தளத்துக்குப் போகிறது என்று அந்தப் பெட்டி பெயர் பெயராக வார்டன் கையில் இருக்கிற பெரிய போன் மாதிரியான டேபுக்கு அனுப்பிக்கொண்டிருக்கிறது என்பதை யாரும் சொல்லவில்லை. சொல்ல வேண்டும் என்று யாருக்கும் தோன்றியிருக்காது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை பொன்னாத்தாள் ரோஸ்மேரியைக் கூப்பிட்டாள். டேபைத் தொடையில் வைத்துக்கொண்டு, கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கிக்கொண்டு,

“ஏங்கண்ணு, தெனமும் கப்பல் கப்பல்னு ஒண்ணு வருதே, என்னது அது?” என்றாள்.

தடம் தெரியாத ஜன்னல் என்று போனில் ஒன்று இருக்கிறதே, அதில்தான் ரோஸ்மேரி தளத்தைத் திறப்பாள். மூடினால் பார்த்த சுவடே போனில் இருக்காது. அது போதும் என்று நினைத்துவிட்டாள். இப்போது வார்டன் மடியில் அவள் பெயர், பக்கத்தில் அந்தத் தளத்தின் பெயர், வரிசையாக. தளத்தின் பெயரிலேயே கப்பல் இருந்தது. எழுத்துக் கூட்டிப் படிப்பவருக்கும் புரியும்.

நல்ல வேளை, அவளுக்குப் பதில் சொல்லும் வேலையைப் பொன்னாத்தாளே எடுத்துக்கொண்டாள். திருப்பூரில் கப்பல் என்றால் ஒரே அர்த்தம்தான்.

“ஷிப்மென்டு பாக்கறியா? நம்ம பீசெல்லாம் எங்க போய்ச் சேருதுன்னா?”

“ஆமாம்மா” என்றாள் ரோஸ்மேரி. வேறு என்ன சொல்வாள்? “நான் செக் பண்ண பீசு தூத்துக்குடியில ஏறி எங்க போகுதுன்னு சும்மா பாப்பேன்மா.”

பொன்னாத்தாளுக்குக் கண் கலங்காத குறை. “அட என் சாமி! ஆபீஸ்ல ஏசில ஒக்காந்திருக்கறவனுக்கே இந்த அக்கறை இல்லையே! இன்னைக்கு உங்கப்பன்கிட்ட இதச் சொல்லிப்போடறேன். பெருமைப்படட்டும்.”

இந்த ஒரு வார்த்தை அப்பா காதில் விழுந்தால் போதும். ‘கப்பலா’ என்று ஒரு முறை கேட்டுக்கொள்வார். ராத்திரி பஸ் பிடித்து விடியும்போது கேட்டில் நிற்பார். அத்தை மகனையும் கூடவே கூட்டிக்கொண்டு வந்தாலும் வருவார். முனீஸ் கூப்பிடும்போது எந்தப் போன் அடிக்கும்?

“வேணாம்மா. கம்பெனி சரக்கு எங்க போகுதுன்னு வெளியாளுக்குச் சொல்லக் கூடாதுல்லாம்மா” என்றாள். எங்கிருந்து வந்ததோ அந்தப் புத்தி.

பொன்னாத்தாள் யோசித்தாள். “அதுவுஞ் செரிதான்” என்றாள்.

இந்த வாரம் தப்பித்தாயிற்று. அடுத்த ஞாயிறு? பொன்னாத்தாள் வாயில் ஒரு பெருமை எத்தனை நாள் தங்கும்? அன்றைக்குச் சர்ச்சில் பூசைக்குப் போகிற பெண்களுக்கு வெளியே போக அனுமதி, போனும் உண்டு. பூசை முடிந்து பஸ் ஸ்டாப்பில் நின்றபோது டவர் நன்றாக இருந்தது. வைஃபை வைத்திருப்பவர் கண்ணில் படாமல் பார்ப்பது எப்படி என்று தேடினாள். யாரோ ஒரு பையன் தமிழில் விளக்கி வீடியோ போட்டிருந்தான். இரண்டு பஸ்ஸை விட்டுவிட்டுப் பார்த்தாள்.

விஷயம் இதுதான். ஒரு தளத்தைத் திறக்கும் முன்பு போன் அந்தத் தளத்தின் பெயரைச் சொல்லி வழி கேட்கிறது. யாரிடம்? வாசலில் இருக்கிற பெட்டியிடம், ஊருக்கே கேட்கிற மாதிரி. புது ஊரில் இறங்கி டீக்கடையில் இன்னார் வீடு எங்கே என்று கேட்பதுபோலத்தான். வீட்டுக்குள் போய் என்ன பேசினோம் என்பது டீக்கடைக்காரனுக்குத் தெரியாது. யார் வீட்டுக்குப் போனோம் என்பது தெரியும். ஊர்வாய்க்கு அது போதாதா? தடம் தெரியாத ஜன்னல் என்பது நம்முடைய போன் மறந்துபோவதற்கு மட்டும்தான், டீக்கடைக்காரன் மறக்க மாட்டான். ஆனால் போனின் செட்டிங்ஸில் பிரைவேட் டி.என்.எஸ். என்று ஓர் இடம் இருக்கிறது. அங்கே போய் ஒரு பெயரைக் குறித்துவிட்டால், போன் வாசல் பெட்டியிடம் எதையும் கேட்காது. கேள்வியைப் பூட்டுப் போட்டு, தூரத்தில் இருக்கிற வேறு ஆளிடம் அனுப்பிக் கேட்டுக்கொள்ளும். கேள்வி பெட்டி வழியாகத்தான் போகும், ஆனால் பெட்டியால் படிக்க முடியாது.

‘கெட்டிக்காரப் பெட்டி என்றால் வேறு வழியிலும் மோப்பம் பிடிக்கும், இதை மட்டும் நம்பிக்கொண்டு ஆடாதீர்கள்’ என்றும் அந்தப் பையன் சொல்லியிருந்தான். தூரத்து ஆளுக்கு நாம் கேட்டது தெரியும் என்றான். தெரியட்டும், அந்த ஆள் விளாத்திகுளத்துக்குப் போன் போட மாட்டான். ரோஸ்மேரி அங்கேயே, வெயிலில் நின்றபடி, எழுத்துப் பிசகாமல் அந்தப் பெயரை அடித்தாள்.

அந்த வாரம் அவளுக்கு நல்ல வாரம். கப்பல் நங்கூரம் எடுத்தது. அம்புக்குறி மலாக்கா வழியாக ஊர்ந்தது. ஒவ்வொரு சாயங்காலமும் விரலால் அதை அளந்தாள். எவன் கண்ணும் இல்லாமல் பார்ப்பதில் ஒரு சுகம் இருந்தது, கதவைச் சாத்திக்கொண்டு தலைசீவுவது போல. சுமத்ராவைத் தாண்டியதும் அம்புக்குறி மங்கி நின்றுவிட்டது. காசு கட்டாமல் பார்ப்பவர்களுக்குக் கரை ஓரத்துக் கப்பல்தான் தெரியும், நடுக்கடல் தெரியாது. இனி இலங்கை பக்கத்தில் வந்தால்தான் மறுபடி முளைக்கும். சரி, வரட்டும், காத்திருப்போம் என்று இருந்தாள்.

சனிக்கிழமை சாயங்காலம் பொன்னாத்தாள் படியேறி வந்தாள். ஞாயிற்றுக்கிழமை போனுக்காக முதல் நாளே டேபை ஒரு முறை பார்த்து வைப்பது அவள் வழக்கம்.

“ஏங்கண்ணு, எல்லாப் புள்ளைங்களுக்கும் பக்கம் பக்கமா வருது. உம்பேருக்கு நேரா மட்டும் ஒண்ணையுமே காணோம். நீதான் போனும் கையுமா இருக்கறயே?”

இதை ரோஸ்மேரி எண்ணிப் பார்க்கவே இல்லை. எல்லோர் வீட்டிலும் விளக்கு எரிகிற தெருவில் ஒரு வீடு மட்டும் இருட்டாக இருந்தால் போகிறவன் வருகிறவன் எல்லாம் அந்த வீட்டைத்தானே பார்ப்பான்!

“தெரியலம்மா.”

“என்னமோ பண்ணி வெச்சிருக்கற.” பொன்னாத்தாளின் முகத்தில் கோபத்தைவிட மனக்கஷ்டம்தான் அதிகம். போன வாரம் சாமி என்று கொஞ்சிய பிள்ளை அல்லவா. “என்னன்னு தெரியாம நாம்பாட்டுக்கு உங்கப்பன்கிட்ட ஒரு வார்த்தை சொல்லமாட்டேன். திங்கக்கெழமை செல்வக்குமார் வருவாப்ல, போனைப் பாத்துச் சொல்லட்டும். அதுவரைக்கும் இது என்ற கிட்டயே இருக்கட்டும்.”

செல்வக்குமார் கம்பெனியின் கம்ப்யூட்டர் ஆள். போன் பொன்னாத்தாளின் இடுப்புச் சுருக்குப் பையில் ஏறியது. ரோஸ்மேரி கட்டிலில் உட்கார்ந்து அழுதாள். கடல் எங்கோ இருந்தது, கப்பல் எங்கோ இருந்தது, இப்போது போனும் போயிற்று.

அடுத்த கட்டில் விஜயராணிக்கு. உசிலம்பட்டிப் பக்கத்துக்காரி, ஓவர்லாக் டெய்லர், பேசினால் பக்கத்துக் கட்டிடம்வரை கேட்கும். “என்னாடி இவளே, செத்த வீடு மாதிரி ஒக்காந்திருக்க?” என்று ஆரம்பித்தவள், ரோஸ்மேரி விக்கி விக்கி எல்லாவற்றையும் சொல்லி முடித்தபோது வாயடைத்துப்போனாள். கப்பலுக்காக இல்லை, பெட்டிக்காக.

“அப்ப நான் எங்கெங்க போறேன்னு அம்புட்டும் அந்தம்மாவுக்குத் தெரியுமாடி?”

ராயபுரத்தில் வேறொரு கம்பெனியில் ஆள் எடுக்கிறார்களா என்று விஜயராணி ஒரு மாதமாகத் துழாவிக்கொண்டிருந்தாள். அது மேலே போனால் இருக்கிற வேலைக்கும் உலை. அவள் போனை எடுத்து ரோஸ்மேரி மடியில் போட்டாள். “இந்தா, அந்தப் பூட்ட எனக்கும் போடு.”

எதிர்க் கட்டிலில் கவிப்பிரியா கேட்டுக்கொண்டிருந்தாள். பொன்னாத்தாள் ஊருக்குப் பக்கத்து ஊர்ப் பெண், அதிகம் பேசாதவள். அவள் எழுந்து வந்து போனை நீட்டினாள். யாரும் ஏன் என்று கேட்கவில்லை. அவளேதான் சொன்னாள், மார்பில் கை வைத்து, குரல் எழும்பாமல். “எனக்கு இங்க ஒரு கட்டியாட்ட இருக்குதுங்க்கா. என்னன்னு படிச்சுப் பாத்துட்டிருந்தேன். அந்தம்மாவுக்குத் தெரிஞ்சா எங்கூட்டுக்குத் தெரிஞ்சிரும். எனக்கு மாப்ளை பாத்துட்டிருக்கறாங்க.” விஜயராணி அவளைப் பக்கத்தில் இழுத்து உட்காரவைத்துக்கொண்டாள். மறுவாரம் அவளே கூட்டிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனாள், ஒன்றும் பயப்படுகிற மாதிரி இல்லை என்று வந்தது. அது தனிக்கதை.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ரோஸ்மேரியின் கையில் எல்லோருடைய போனும் இருந்தது, அவளுடையதைத் தவிர. அறை அறையாக விஜயராணி அழைத்துக்கொண்டு போனாள். நர்ஸ் படிப்புக்கு விண்ணப்பம் தேடுகிறவள் ஒருத்தி. ஓடிப்போன அக்கா இருக்கிற ஊரின் படங்களைப் பார்க்கிறவள் ஒருத்தி. ஒளிக்க ஒன்றுமே இல்லாமல் சமையல் குறிப்பு மட்டும் பார்க்கிறவளும் இருந்தாள். “எனக்கு எதுக்கு?” என்றாள். “நீ ஒருத்தி வெளிச்சமா நின்னா நாங்க எல்லாரும் திருடிங்கன்னு ஆயிரும்டி, குடு” என்றாள் விஜயராணி. மேல்மாடி ஒடிசாப் பெண்களுக்கு விளக்கிச் சொல்ல ஆளில்லை. அவர்கள் அரைகுறையாகப் புரிந்துகொண்டு, “தீதீ, ஹமாரா பீ”, அக்கா எங்களுக்கும் என்று, தாங்களாகவே போனை நீட்டினார்கள்.

திங்கட்கிழமை செல்வக்குமார் வந்தான். ஷிப்ட் முடிந்து வந்த பெண்கள் படிக்கட்டு நெடுக நின்றார்கள். அவன் டேபைத் தள்ளித் தள்ளிப் பார்த்தான். முதல் நாள் சாயங்காலத்திலிருந்து ஹாஸ்டல் முழுக்கவே துடைத்துவிட்ட மாதிரி இருந்தது. ஒரு முறை நிமிர்ந்து படிக்கட்டைப் பார்த்தான். அத்தனை பெண்களும் சுவரையும் கூரையையும் பார்த்தார்கள்.

“ஒரு போன்னா போன் கோளாறுங்க. இத்தனைக்கும்னா பொட்டிதானுங்க” என்றான்.

“அப்ப இந்தப் புள்ள போன்ல ஒண்ணுமில்லையா?”

“அதுக்கென்னங்க, குடுத்துப்போடுங்க. பொட்டிய மாத்தறதுக்கு மேல சொல்லிப் பாக்கறேன். ஒடனே ஆகாதுங்க.”

அவனுக்குத் தெரியாமல் இருந்திருக்காது. அந்தப் பூட்டை வேலை செய்யவிடாமல் பெட்டியிலேயே தடுக்கவும் தெரிந்திருக்கும். சோம்பலா, இரக்கமா, அவனுக்கும் ஒளிக்க ஏதாவது இருந்ததா, அவனைத்தான் கேட்க வேண்டும். பொன்னாத்தாள் இடுப்பிலிருந்து போனை எடுத்துக் கொடுத்தாள். “எனக்கும் ஒரு தலைவலி உட்டுது கண்ணு. கண்டதையும் தெரிஞ்சுக்கிட்டு ராத்திரி தூக்கமில்லாமப் போச்சு” என்றாள்.

புதன்கிழமை சாயங்காலம் போன் கைக்கு வந்ததும் ரோஸ்மேரி தளத்தைத் திறந்தாள். இலங்கைக்குத் தென்கிழக்கே அம்புக்குறி முளைத்திருந்தது.

இன்றைக்குத்தான். அம்புக்குறி மேற்கே திரும்பிக் கீழ்க்கோடியை நோக்கி வந்துகொண்டிருந்தது, ஆனால் என்ன நத்தை வேகம்! பக்கத்துக் கப்பலெல்லாம் இதைத் தாண்டிக்கொண்டு போயின. ஏழரை ஆயிற்று. எட்டாயிற்று. கரைக்கு இன்னும் தூரம் இருந்தது. தட்டித் தட்டிப் பார்த்தாள். தள்ளிவிட முடிந்தால் விரலாலேயே தள்ளிவிட்டிருப்பாள். விஜயராணி பக்கத்தில் உட்கார்ந்து, “வந்துரும்டி, வந்துரும்டி” என்று சொல்லிக்கொண்டே இருந்தாள். எட்டரைக்கு மணி அடித்தது. அம்புக்குறி அப்போதுதான் முனையைத் தொட்டிருந்தது.

கூடையோடு பொன்னாத்தாள் வாசலில் வந்து நின்றாள். ஒவ்வொரு போனாக விழுந்தது. ரோஸ்மேரி போடவில்லை.

இப்போது ஏதாவது பொய் சொல்லலாம். பெட்டியும் காட்டிக் கொடுக்காது. ஆனால் அவளுக்குப் பொய் வரவில்லை. இத்தனை நாள் ஒளித்து ஒளித்துப் பார்த்தது பொய் சொல்வதற்காகவா? அவள் எழுந்து போய்ப் போனை அந்தம்மாவின் முகத்துக்கு நேரே பிடித்தாள்.

“அம்மா, இது நம்ம கம்பெனிக் கப்பல் இல்லம்மா. அன்னைக்கு நான் சொன்னது பொய்யி. இதுல எனக்கு வேண்டியவரு இருக்காரு. இப்பக் கரைப் பக்கமா போறாரு. டவர் கிடைச்சா கூப்பிடுவாரு. இத விட்டா அப்புறம் எப்பன்னு எனக்கே தெரியாதும்மா.”

பொன்னாத்தாள் கண்ணாடியை இறக்கிக்கொண்டு பார்த்தாள்.

“உங்கப்பனுக்குத் தெரியுமா?”

“தெரிஞ்சா வந்து கூட்டிட்டுப் போயிருவாருமா.”

பொன்னாத்தாள் திரையை இன்னும் பக்கத்தில் இழுத்தாள். “இதுலயா இருக்கறான்? இத்தனூண்டு இருக்குது” என்றாள். பிறகு வேறு எதுவும் கேட்காமல் கூடையை இடுப்பில் இடுக்கிக்கொண்டாள். “நான் மேல் மாடிக்குப் போய் எல்லாத்தையும் வாங்கீட்டு, இந்த ரூமுக்குக் கடைசியா வர்றேன்.”

அவள் படியேறுகிற சத்தம் தேய்ந்தது. விஜயராணி எழுந்து மின்விசிறியை நிறுத்தினாள். கூப்பிட மாட்டான், டூட்டியில் இருப்பான், எஞ்சின் சத்தத்தில் எதுவும் தெரியாமல் அடியிலே நிற்பான் என்று ரோஸ்மேரி நினைத்தாள். போன் அடித்தது. தெரியாத நம்பர்.

“ரோசு… கேக்கா?”

காற்று இரைச்சல், அதற்கு நடுவில் அவன் குரல்.

“கேக்கு. சொல்லு.”

“எடுத்துட்டியே! நீ எடுக்க மாட்டேன்னுல்லா நெனச்சேன். வெளக்கு தெரியுது ரோசு. கலங்கரை வெளக்கு. மேல வந்து நிக்கேன்.”

“அது நம்ம கரை இல்ல. இலங்கை.”

“தெரியும். ஆனா அதுக்கு அங்கிட்டுத்தான நீ இருக்க.”

சொல்ல வேண்டும் என்று சேர்த்து வைத்ததெல்லாம் எங்கே போனதோ தெரியவில்லை. “சாப்ட்டியா?” என்றாள்.

“ம். நீ?”

“சாப்ட்டேன்.” அப்போதுதான் ஞாபகம் வந்தது. “முனீசு, ஒண்ணு சொல்லணும். நான் தெனமும் உன்னய…”

இரைச்சல் நின்றது. “கேக்கா? கேக்கா?” என்று இவள் கேட்டுக்கொண்டே இருந்தாள். திரும்பக் கூப்பிட்டாள். போகவில்லை. மறுபடி கூப்பிட்டாள். அந்த நம்பர் போகவே இல்லை. தளத்தைத் திறந்தால் அம்புக்குறி முனையை விட்டு விலகி மேற்கே போய்க்கொண்டிருந்தது. இந்த முறை நத்தையாகத் தெரியவில்லை, ஓடுவதாகத் தெரிந்தது.

பொன்னாத்தாள் கூடை நிறைய போன்களோடு இறங்கி வந்தாள்.

“பேசுனானா?”

“பேசினாரும்மா.”

“என்ன சொல்றான்?”

கேட்க வேண்டும் என்ற ஆசை அந்த முகத்தில் பட்டவர்த்தனமாகத் தெரிந்தது. நின்று உதவி செய்தவள், கேட்க உரிமை இருக்கிறது என்றுகூட ரோஸ்மேரிக்குத் தோன்றியது. ஆனால் அந்த விளக்கையும் அந்தப் பேச்சையும் யாருக்கும் கொடுக்க அவளுக்கு மனசு வரவில்லை. அவளிடம் இருந்தது அவ்வளவுதான்.

“சும்மாதாம்மா” என்றாள்.

பொன்னாத்தாள் கூடையை நீட்டினாள். “செரி, போடு.”

ஞாயிற்றுக்கிழமை வார்டன் அறைப் பக்கமாகத் தண்ணீர் பிடிக்கப் போன ரோஸ்மேரி, தன் பேர் காதில் விழுந்து நின்றாள். அப்பாதான் அந்தப் பக்கம். “நல்லாத்தானுங்க இருக்குது. வேலையில ஒரு கொறையுமில்லீங்க” என்று பொன்னாத்தாள் சொல்லிக்கொண்டிருந்தாள். அப்பா ஏதோ கேட்டிருக்க வேண்டும். “போன்லீங்களா? அதுல என்ன பாக்குதுன்னு எனக்கெப்படீங்க தெரியும்? பொட்டி கெட்டுப்போச்சுங்க. அப்படித் தெரிஞ்சுக்கோணும்னா உங்க புள்ளதானுங்க, நீங்களே கேட்டுப் பாருங்க.”

அப்பா கேட்கவில்லை. அவர் கேட்கிற மனிதர் இல்லை.

அன்று சாயங்காலம் போன் வந்ததும் ரோஸ்மேரி அந்தத் தளத்தைத் திறந்தாள். நடுக்கடல். அம்புக்குறி இல்லை. கடைசியாகக் கண்ட இடம் என்று ஒரு மங்கல் புள்ளி மட்டும் இருந்தது, கப்பல் அதை விட்டுப் போய் எத்தனையோ தூரம் ஆகியிருக்கும். அவள் அந்தப் புள்ளிக்கு அப்பாலிருந்த நீலத்தைப் பார்த்துக்கொண்டு எட்டரைவரை உட்கார்ந்திருந்தாள். அவள் பார்ப்பது பெட்டிக்குத் தெரியாது, அப்பாவுக்குத் தெரியாது. கடலில் போய்க்கொண்டிருக்கிறவனுக்கும் தெரியாது.